குப்பைத்தொட்டிக்குப் போன பொதுக் கோப்பு

கல்யாணப் பத்திரிகை அடிக்கும் கடையின் கணினிக்குத் துப்புரவு மென்பொருள் ஒன்று புதிதாக வந்தது. மூலையில் கிடந்த ஒரு சின்னக் கோப்பை அதட்டியது.

"நீ எந்த மென்பொருளோட ஆளுடா?"

"எல்லாருக்கும் பொதுங்க."

"அப்படின்னா யாருக்கும் இல்லே." தூக்கிக் குப்பைத்தொட்டியில் போட்டது.

அடுத்த நிமிடம் படம் வரையும் மென்பொருளைத் திறக்க முடியவில்லை. பத்திரிகை பாதியில் நின்றது. பெண் வீட்டார் வாசலில் காத்திருந்தார்கள். இத்தனை வருஷமாக ஏறெடுத்தும் பார்க்காத கோப்பின் பேரைத் திரையில் போட்டு, அந்தப் படம் வரையும் மென்பொருள் "காணோமே, காணோமே!" என்று ஒப்பாரி வைத்தது.

கடைக்காரர் அந்தப் பேரைத் தேடி, குப்பையிலிருந்து மீட்டு, பழைய இடத்தில் வைத்தார். படம் வரையும் மென்பொருள் ஜம்மென்று எழுந்தது.

"சௌக்கியமாண்ணே?" என்றது கோப்பு.

"யாருடா நீ? வேலை நேரத்துல பேச்சுக் கொடுக்காதே."