பச்சைக் கீற்று

வியட்நாமின் மிதக்கும் சந்தையில், எதை விற்கிறார்களோ அதைப் படகின் மூங்கில் கழியில் கட்டிவிடுவார்கள் என்றான் வழிகாட்டி. பூசணி தொங்கினால் பூசணி. தென்னங்கீற்று தொங்கினால் அந்தப் படகே விற்பனைக்கு. ஆறு பேர் சென்ற எங்கள் சுற்றுலாப் படகை ஒட்டி அப்படி ஒன்று வந்தது. கீற்று காலையில் வெட்டியதுபோலப் பச்சையாக இருந்தது. கழியருகே ஒருவன் நின்றான். அவன் மனைவி அதற்கு முதுகு காட்டி அன்னாசி சீவிக்கொண்டிருந்தாள்.

"அந்தப் பொண்ணுக்குத் தெரியுமா?" என்றாள் என் எதிரில் இருந்த கோமதி.

"நமக்கெதுக்கு அது?" என்றார் அவள் கணவர் தேவநாதன்.

கோமதி கழியை நோக்கிக் கை நீட்டினாள். பழம் கேட்கிறாள் என்று நினைத்து அந்தப் பெண் ஒரு துண்டை நீட்டினாள். கோமதி வாங்கவில்லை, விரலை இன்னும் உயர்த்தினாள். கழியருகே நின்றவன் வேண்டாமென்று தலையசைத்தான், அவளிடம் அல்ல, தேவநாதனிடம். தேவநாதன் அவள் கையைப் பிடித்து இறக்கினார். அப்போது அவர் சட்டைப் பையில் கைப்பேசி அதிர்ந்தது. மூன்று நாட்களாக, அழைப்பு வந்தாலே மனைவியை விட்டுத் தள்ளிப்போய்ப் பேசுவார். இப்போது படகில் தள்ளிப்போக இடமில்லை. அது அதிர்ந்துகொண்டே இருந்தது.

கோமதி கையை விடுவித்துக்கொண்டாள்.

"நம்ம வீட்டு மேலயும் கீத்து கட்டிட்டு வந்தீங்களா?"