சோதனைத் தட்டு

அந்த ராக் இசைக்குழுவின் மூன்றாவது இசைத்தட்டு வெளிவந்தபோது விற்பனை வரிசையின் கடைசிப் படியைத்தான் தொட்டது. அதற்குள் பாடகனான அண்ணன் வேன் கவிழ்ந்து போய்ச் சேர்ந்துவிட்டான். டிரம்ஸ் அடித்த தம்பி வயிற்றுப்பாட்டுக்காக இசைத்தட்டு அச்சடிக்கும் ஆலையில் சேர்ந்தான்.

இப்போது யார் செய்த புண்ணியமோ, அதே தட்டு முதலிடத்துக்கு ஏறிவிட்டது. மறுபதிப்பு அவனுடைய ஆலைக்கே வந்தது. சோதனைக்காக அடிக்கும் முதல் தட்டை முழுக்கக் கேட்டுச் சரி சொன்ன பிறகுதான் மற்றவை ஓடும். மேஸ்திரியோடு அவனும் கேட்க உட்கார்ந்தான்.

இரண்டு பாட்டுக்கு நடுவே, சத்தமே இருக்கக்கூடாத இடத்தில், அண்ணன் பேசினான்.

"விரல் போன இடம் இன்னும் வலிக்குதாடா?"

தம்பியின் இடது கையில் இரண்டு விரல்களை எந்திரம் காவு வாங்கியது இந்த ஆலையில்தான், அண்ணன் செத்து வெகுகாலம் கழித்து.

"உங்கண்ணன் குரலாய்யா? பாட்டுக்கு நடுவுல யாரைக் குசலம் விசாரிக்கிறாரு?" என்றார் மேஸ்திரி. "இது கடைக்குப் போனா நம்ம பொழப்பு நாறிடும். அச்சைத் தூக்கிப் போடு."

"வேணாம்ண்ணே. இன்னொன்னு அடிச்சுப் பாப்போம்."

அதே அச்சில் இன்னொரு தட்டை அடித்தார்கள். அந்த இடத்தில் இப்போது வெறும் அமைதிதான் இருந்தது.

"சுத்தம். ஓட்டு" என்று மேஸ்திரி எழுந்து போனார்.

அடுத்த பாட்டு தொடங்கியது. தட்டில் டிரம்ஸ் அடிப்பது அவன்தான். ஆனால் அது இரண்டு விரல் இல்லாத கையின் அடி, அங்கங்கே தடுமாறியது.

அண்ணன் அதற்கேற்ப மெதுவாகப் பாடிக்கொண்டிருந்தான்.