நனையாத வலைகள்

அன்றைக்கும் ஏழு படகுகளும் கரையிலேயே கிடந்தன.

அவள் எண்ணிப் பார்த்தாள். ஒன்றும் குறையவில்லை.

வலைகள் கம்புகளில் காய்ந்து தொங்கின. எல்லாவற்றையும் ஒரு தடித்த கயிற்றால் பிணைத்து, துறையின் நடுத்தூணில் முடிச்சுப் போட்டிருந்தார்கள். களவு போய்விடுமாம். அப்படித்தான் அவள் நினைத்தாள்.

துறையோரத்து மரவாங்கில் உட்கார்ந்து மீனவக் கிழவர்கள் சீட்டு விளையாடிக்கொண்டிருந்தார்கள்.

சீட்டு!



அவள் புருசன் மரியதாஸ் ஏரிக்குள் போய் இருபத்தாறு நாள். சின்னப் படகொன்றை வாடகைக்கு எடுத்துக்கொண்டு போனான். "இதென்ன, பெரிய குளம்தானே" என்று சிரித்துவிட்டுத்தான் போனான். மலையிலிருந்து ஒரு காற்று இறங்கியது. படகு மட்டும் திரும்பி வந்தது.

அவர்களுடைய சொந்த ஊரான மயிலிட்டியில் ஒருவன் கடலில் காணாமல் போனால் ஒரு வள்ளமும் கரையில் நிற்காது. முகம் பார்த்துப் பேசாதவன்கூட இறங்கித் தேடுவான். மூன்றாம் நாள் கடலே கொண்டுவந்து போட்டுவிடும். கட்டிப்பிடித்து அழ ஓர் உடம்பாவது கிடைக்கும்.

இங்கே பொலிஸ் பத்து நாள் தேடியது. பிறகு ஒரு கடிதம் வந்தது. ஆழம் அதிகம், தண்ணீர் கடுங்குளிர், உடல் மேலே வராது.

அவ்வளவுதான்.

இந்த ஜெர்மன் ஊரில் பத்தொன்பது வருடம் இருந்தாயிற்று. பார்க்க அழகான ஊர்தான். சன்னலுக்குச் சன்னல் பூச்சாடி. ஆனால் வாயைத் திறக்காத சனம். ஒரு வணக்கத்துக்கு மேல் ஒரு சொல் வாங்க முடியாது. இவர்கள் பிடித்த மீனைத்தான் மரியதாஸ் ஹோட்டல் குசினியில் இத்தனை வருடமும் வெட்டிக் கழுவினான். அந்த மனுசனைத் தேடிப் போக ஒருவனுக்கும் மனம் வரவில்லையே!

தினமும் விடியப்புறம் வருவாள். துறையில் நிற்பாள். வலைகளைப் பார்ப்பாள். திரும்பிவிடுவாள். அவள் திரும்பியதும் கிழவர்கள் சீட்டை மடித்துவிட்டு எழுந்து போவார்கள். தன் முகத்தைப் பார்க்கக் கூசுகிறார்கள் என்று நினைத்துக்கொள்வாள்.

இன்று அவளால் பொறுக்க முடியவில்லை. நேரே ரொட்டி அடுக்கியிருந்த பாண்கடைக்குள் நுழைந்தாள். ஊரிலேயே அவளோடு நாலு வார்த்தை பேசுகிறவள் கடைக்கார அன்னெலீஸ் ஒருத்திதான்.

"உங்கட ஆக்களுக்கு நெஞ்சில ஈரமே இல்லையோ? என்ர மனுசன் தண்ணிக்குள்ள கிடக்கிறார். இவையள் சீட்டு விளையாடுகினம்!"

அன்னெலீஸ் கை மாவைத் துடைத்தாள். பிறகு கடையைப் பூட்டினாள். அவள் கையைப் பிடித்து மாதா கோயிலுக்குக் கூட்டிப் போனாள்.

பின்சுவரில் ஒரு கறுத்த பலகை. முழுக்கப் பெயர்கள். பழைய எழுத்து. ஞாயிறுதோறும் அவள் அதைத் தாண்டித்தான் பூசைக்குப் போயிருக்கிறாள். வாசித்ததில்லை.

அன்னெலீஸ் மேலே இருந்த வருடத்தைக் காட்டினாள். ஆயிரத்து எழுநூற்று நாற்பத்தொன்று. உப்பு ஏற்றி வந்த படகு கவிழ்ந்து முப்பத்தொரு பேர் மூழ்கினார்கள். பஞ்ச காலம். பசி தாங்காமல் மறுநாளே வலை போட்டார்கள். வலையில் வந்தது மீன் இல்லை.

இழுத்தவனுடைய சொந்த மகள்.

அன்றிலிருந்து, ஏரி ஒருவரைப் பிடித்துக்கொண்டால் இந்த ஊரில் படகு இறங்காது, வலை நனையாது. உடல் கிடைக்க வேண்டும். கிடைக்காவிட்டால், அந்த வீட்டார் வந்து துறையில் இருக்கும் முடிச்சைத் தங்கள் கையால் அவிழ்க்க வேண்டும். அதுவரை யாரும் வாய் திறந்து கேட்கக் கூடாது. கேட்டால், செத்துவிட்டான் என்று ஒத்துக்கொள்ளச் சொன்னதாகிவிடும்.

"நீங்கள் ஒவ்வொரு நாளும் வந்து முடிச்சைப் பாத்திட்டுத் திரும்பிப் போனீங்கள்," என்றாள் அன்னெலீஸ். "இன்னும் மனம் வரேல்லையாக்கும் எண்டு நாங்கள் இருந்திட்டம்."

இலையுதிர்கால மீன் முழுவதும் கைவிட்டுப் போயிருந்தது. ஐந்து நாளில் தடைக்காலம். ஏழு குடும்பங்களின் குளிர்காலச் சாப்பாடு.

மரியதாஸுக்காக.

கடவுளே, இவர்களையா சபித்தேன்!

பலகையின் அடியில் ஒரு பெயர் எழுத இடம் விட்டிருந்தது. அவள் அதைப் பார்க்காமல் வெளியே வந்தாள்.

துறையில் கிழவர்கள் இன்னும் போகவில்லை. அவளைக் கண்டதும் எழுந்தார்கள். தொப்பிகளைக் கழற்றினார்கள்.

முடிச்சில் கை வைத்தாள்.

அவிழ்த்தால் அவன் செத்தவன்.

அவிழ்க்காவிட்டால் காணாமல் போனவன். காணாமல் போனவனுக்குச் சோறு எடுத்து வைக்கலாம். கதவைத் தாழ் போடாமல் படுக்கலாம். இத்தனை நாளும் அவள் அதைத்தான் செய்தாள்.

பனியிலும் வெயிலிலும் கயிறு இறுகிப் போயிருந்தது. நகம் பிய்ந்தது. ஒருவரும் உதவிக்கு வரவில்லை. வரக் கூடாது.

ஒரு புரி கழன்றது. இன்னொன்று.

அவிழ்ந்தது.

"ஐயோ, என்ர ராசா!"

தமிழில்தான் கத்தினாள். துறை முழுக்கக் கேட்டது. ஒருவரும் முகத்தைத் திருப்பவில்லை. அன்னெலீஸ் அவள் முதுகில் கை வைத்தபடி நின்றாள்.

வலைகள் படகேறின. ஒவ்வொன்றாகப் புறப்பட்டன.

கடைசிப் படகு கொர்பினியனுடையது. துறையிலேயே மூத்த மனுசன். பத்தொன்பது வருடத்தில் அவளோடு ஒரு சொல் பேசியதில்லை. படகில் ஒரு காலை வைத்தவர், இறங்கி அவளிடம் வந்தார்.

"வலையை மெதுவாத்தான் இழுப்பம்," என்றார்.

அவள் தலையாட்டினாள்.

அன்னெலீஸ் வீட்டுக்குப் போவோம் என்று கூப்பிட்டாள். அவள் போகவில்லை. மரவாங்கில் உட்கார்ந்தாள்.

ஏழு படகுகள். எதில் வருவான் என்று தெரியாது.