தாமரை இலைக்கு அடியில் பேரம்

எருமையின் முதுகில் உட்கார்ந்து ஓர் உண்ணியைக் கொத்தப்போன கொக்கை எருமை தடுத்தது.

"நில்லு தம்பி. இத்தனை நாள் சும்மா தின்னுட்ட. இனிமே ஓர் உண்ணிக்கு என் காதுக்குப் பின்னால மூணு சொறி சொறிஞ்சு விடணும்."

"அநியாயம் அக்கா! உன் முதுகைச் சுத்தம் பண்றேன், நீதான் எனக்குக் கூலி தரணும்."

"அப்ப சந்தை முறைப்படி பேசிக்கலாம்."

மாட்டுத் தரகர்கள் கைகளைத் துண்டால் மூடி, விரலைப் பிடித்து விலை பேசுவதை எருமை பார்த்திருக்கிறது. துண்டுக்குப் பதில் குளத்திலிருந்து ஒரு தாமரை இலையைக் கவ்விவந்து விரித்தது. கொக்கு கீழே இறங்கி, ஒரு சொறிதான் என்று இலைக்கு அடியில் ஒரு விரலை நீட்டியது. எருமை அதன்மேல் குளம்பை வைத்தது.

"ஐயோ! சரி சரி, மூணு சொறி! காலை எடு அக்கா!"

இருவரின் முழுச் சம்மதத்தோடு பேரம் முடிந்தது.

"கொஞ்சம் இருங்க," என்றது முதுகிலிருந்த உண்ணி. "போகப்போறது என் உசிரு. என்ன விலைன்னு எனக்குச் சொல்ல வேணாமா?"

"அப்படி வழக்கமே இல்லப்பா," என்றது எருமை. "போன மாசம் சந்தையில என்னை வித்தாங்க. என்ன விலைன்னு எனக்கே இன்னும் தெரியாது."