கெட்டவன் ஜெயித்த நாடகம்

"இந்த ஏழை மாலுமி எனக்கு வேண்டாம். உங்களையே கட்டிக்கிறேன்!" என்று லவீனியா மேடையில் வில்லனின் கையைப் பிடித்தாள்.

அமெரிக்காவின் ஒஹையோ ஆற்றங்கரையில் கட்டி நிறுத்தியிருந்த, மேடையும் இருக்கைகளும் உள்ளேயே கொண்ட அந்த நாடகப் படகே அதிர்ந்தது.

"த்தூ! நீயெல்லாம் ஒரு பொம்பளையா?" என்று முன்வரிசைக்காரர் எழுந்தார். "புள்ளைங்களைத் தூக்குடி, போலாம்! இனிமே இந்தப் படகுப் பக்கம் தலை வெச்சுக்கூடப் படுக்கக் கூடாது!"

வில்லனாக நடித்த அவள் தம்பி ஆரின் முணுமுணுத்தான். "அக்கா, பைத்தியமா உனக்கு? தாத்தா காலத்துலேர்ந்து நம்ம படகுல கெட்டவன் ஜெயிச்சதே இல்ல. அதுக்காகத்தான் வருஷா வருஷம் வர்றாங்க. குடும்பப் பேரே போச்சு!"

"சிரிடா. கெட்டவன் மாதிரி நல்லாச் சிரி."

அவன் சிரித்தான். மிச்சமிருந்தவர்களும் காறித் துப்பிவிட்டு, குறுகலான பலகை வழியே ஒவ்வொருவராகக் கரையேறினார்கள்.

கடைசிக் குழந்தையும் இறங்கியதும் லவீனியா தம்பியின் கையை விட்டாள்.

"நீயும் ஓடுடா! இடைவேளையில கீழே போய்ப் பார்த்தேன். அடிப்பலகை பிளந்து தண்ணி இடுப்பளவு ஏறியிருக்கு. அதைச் சொல்லியிருந்தா, அத்தனை பேரும் ஒரே நேரத்துல அந்த ஒத்தைப் பலகைக்குப் பாய்ஞ்சிருப்பாங்க."

கரையிலிருந்து ஓர் அழுகிய முட்டை பறந்து வந்து அவள் கன்னத்தில் உடைந்தது.

"அப்பாடா, எல்லாரும் கரையிலதான் இருக்காங்க" என்றாள்.