நேற்று நடந்த கல்யாணம்

அந்தோணியைக் கட்டிக்கொண்ட அன்றே கோகிலாவைத் தலைமுழுகியவர் அவளுடைய அப்பா சென்னியப்பன். எட்டு வருஷம் கழித்து அவரைப் பார்க்க ஆஸ்பத்திரிக்கு வந்திருந்தாள்.

“குடிச்சுக் குடிச்சு உடம்புல வைட்டமின் பி1 இல்லாமப் போயிருச்சு,” என்றார் டாக்டர். “ஊசி போடறோம். ஆனா போன ஞாபகம் திரும்பறது சந்தேகந்தான். மறந்துபோன இடத்த அவரா ஏதாச்சும் சொல்லி நிரப்புவாரு. பொய்யில்லைங்க, அவருக்கு அது நடந்ததுதான்.”

அவளைக் கண்டதும் சென்னியப்பனின் முகம் மலர்ந்தது. “வா கண்ணு. நேத்துக் கல்யாண அலைச்சல்ல தூங்கியிருக்க மாட்டியே.”

“யார் கல்யாணம்ப்பா?”

“உன்ற கல்யாணந்தான். தாலிய நாந்தானே எடுத்துக் குடுத்தேன்?”

அவள் கல்யாணம் ரிஜிஸ்டர் ஆபீசில் நடந்தது. வீட்டிலிருந்து ஒருவரும் வரவில்லை.

“நான் என்ன சீலை கட்டியிருந்தேன்?”

“அரக்குக் கலரு. உங்கம்மாளோடது,” என்றார், சற்றும் யோசிக்காமல். “மாப்பிள்ளையக் காணோம்? பந்தியில சரியாவே சாப்பிடல அவரு.”

ஏன் என்னைத் தலைமுழுகினீர்கள் என்று கேட்கத்தான் கோகிலா வந்திருந்தாள். அப்படிச் செய்தவர் இந்தக் கட்டிலில் இல்லை. எழுந்து வராந்தாவுக்குப் போனாள். உள்ளே வரத் தயங்கி அந்தோணி அங்கேயே நின்றிருந்தான்.

“அப்பா கூப்பிடறாங்க,” என்றாள். “பந்தியில சாப்பிட்டீங்களான்னு கேப்பாங்க. வயிறு நெறஞ்சுதுன்னு சொல்லுங்க.”