மொராக்கோ முறை

அச்சகத்து பைண்டர் முதல் துண்டுக் கோழியை எடுக்கக் கையை நீட்டினார். அக்கா அந்தக் கையைப் பாதி வழியிலேயே நிறுத்தினாள்.

“இருங்க தம்பி. முதல்ல ரொட்டியும் குழம்பும். கோழி கடைசியிலதான். மொராக்கோ முறை அது.”

பைண்டர் அசடு வழிந்துகொண்டே கையை இழுத்துக்கொண்டார்.

புரூஃப் ரீடருக்கு உடம்பெல்லாம் கூசியது. அவன் அச்சகத்தில் சேர்ந்து எட்டு மாதம்தான் ஆகிறது. வேலை நிரந்தரமா இல்லையா என்று எழுதி அனுப்ப வேண்டியவர் மேனேஜர். அவர் முதல் தடவையாக அவன் வீட்டுக்குச் சாப்பிட வந்திருக்கிற நேரத்தில், லீவுக்கு வந்த அவன் அக்கா இப்படி வகுப்பு எடுத்துக்கொண்டிருக்கிறாள்.

அக்கா ஒரு பள்ளிக்கூடத்தின் தலைமை ஆசிரியை. ஞாயிற்றுக்கிழமையும் தலைமை ஆசிரியைதான்.

தப்பு அவன் வாயில் ஆரம்பித்தது. மனைவி செல்போனில் பார்த்து, பட்டை, சீரகம், தேன், உலர்ந்த பழமெல்லாம் போட்டு மொராக்கோ கோழி பண்ணப் பழகியிருந்தாள். அதை அவன் அச்சகத்தில் அளந்துவிட, நாலு பேர் ஞாயிறு மதியம் வருவதாகப் பேச்சு. கதவைத் திறந்தால் ஒன்பது பேர்.

எல்லாரையும் உட்காரவைத்து, தண்ணீர் கொடுத்து, கால் மணி நேரம் கழித்து மெதுவாக அடுப்படிப் பக்கம் போனான். கதவு சாத்தியிருந்தது. எல்லாருக்கும் போதுமா என்று வெளியிலிருந்தே கேட்டான்.

பதில் அக்காவிடமிருந்து வந்தது. “போதும். நீ போய் எட்டு பாக்கெட் ரொட்டி வாங்கிட்டு வா.”

கோழி விருந்துக்கு எட்டு பாக்கெட் ரொட்டி எதற்கு என்று கேட்கத் தோன்றியது. அக்காவிடம் கேள்வி கேட்டுப் பழக்கமில்லாததால் போய் வாங்கி வந்தான்.

திரும்பி வந்தபோது நாற்காலிகளை ஓரம் கட்டி, அத்தனை பேரையும் தரையில் வட்டமாக உட்காரவைத்திருந்தாள் அக்கா. நடுவில் ஒரே ஒரு பெரிய தட்டு. சுற்றிலும் அவித்த உருளைக்கிழங்கும் கொண்டைக்கடலையும் கோட்டைச் சுவர் மாதிரி நிற்க, கோழித் துண்டுகள் உள்ளே ஒண்டிக்கொண்டிருந்தன.

அதற்கப்புறம் முறை மேல் முறையாக வந்தது. அவரவர் தன் பக்கம் இருப்பதை மட்டும்தான் சாப்பிட வேண்டுமாம். எல்லை தாண்டினால் வீட்டுக்காரரை அவமதிப்பதாம். கோழியை மூன்று விரலால்தான் தொட வேண்டுமாம்.

மெஷின்மேன் பசி தாங்காமல் இரண்டாவது துண்டில் கை வைத்தார்.

“எடுத்துக்கங்க தம்பி,” என்றாள் அக்கா. “ஆனா ரெண்டாவது துண்டு எடுத்தா, அந்த வீட்டுல பொண்ணு கேக்கறதா அர்த்தம்.”

மெஷின்மேனுக்குக் கல்யாணமாகி இரண்டு குழந்தைகள். துண்டைச் சுட்டதுபோல் கீழே போட்டார்.

இவ்வளவுக்கும் மேனேஜர், “ஆமாமா, அப்படித்தான்” என்று தலையாட்டிக்கொண்டிருந்தார். அதைப் பார்க்கப் பார்க்கப் புரூஃப் ரீடருக்குப் பயம் கூடியது. மனுஷர் உள்ளுக்குள் என்ன எழுதிக்கொள்கிறாரோ.

தண்ணீர் எடுக்கிற சாக்கில் அடுப்படிக்குள் நுழைந்தான். எப்படியாவது அக்காவை உள்ளே கூப்பிடு என்று மனைவியிடம் சொல்லத்தான் போனான்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஒரு பாத்திரத்தைச் சுரண்டிக்கொண்டிருந்தாள். பாத்திரத்தின் அடி கரிக்கட்டையாக இருந்தது.

“நாலு பேர்னு சொன்னீங்க. ஒன்பது தலையைப் பாத்ததும் எனக்குக் கை கால் ஓடல. அடுப்பைக் குறைக்க மறந்துட்டேன். தேன் ஊத்தினது வேற, அடிப்பிடிச்சு பாதிக் கோழி போயிடுச்சு. தேறினது பதினோரு துண்டு.”

“அப்ப அந்த மொராக்கோ முறை?”

“நீங்க ரொட்டி வாங்கப் போனப்ப அண்ணி இங்க நின்னு யோசிச்சது. பொண்ணு கேக்கறது மட்டும் அவங்களா அங்க சேத்துக்கிட்டாங்க.”

புரூஃப் ரீடர் அந்தக் கருகின பாத்திரத்தை வாங்கித் தண்ணீர் ஊற்றி ஊறவைத்தான். அக்காவை நினைத்து இவ்வளவு நேரம் கூசியது இப்போது வேறு மாதிரி கூசியது.

கூடத்துக்குத் திரும்பினான். “நீங்களும் உட்காருங்க, கோழி எடுங்க,” என்றார் பைண்டர்.

“இல்லைங்க. விருந்து வைக்கிறவன் அன்னைக்குக் கோழியைத் தொடக்கூடாது,” என்றான் அவன். “மொராக்கோ முறை.”

அக்கா அவனை நிமிர்ந்து பார்த்தாள். பள்ளிக்கூட நாளில்கூட அவனுக்கு அவளிடமிருந்து அப்படி ஒரு பார்வை கிடைத்ததில்லை.

“ஆமாமா, அதுவும் உண்டு,” என்று மேனேஜர் தலையாட்டிவிட்டு, தன் முன்னால் இருந்த துண்டை மெஷின்மேன் பக்கம் தள்ளினார். மற்றவர் தள்ளிவிட்டால் பெண் கேட்கிற கணக்கில் வராதே என்று மெஷின்மேன் அக்காவிடம் ஒரு தடவை உறுதி செய்துகொண்டு சாப்பிட்டார்.

ரொட்டி எட்டு பாக்கெட்டும் காலி. வயிறு நிறைந்து, மொராக்கோக்காரர்களின் ஒழுங்கை மெச்சிக்கொண்டே எல்லாரும் படியிறங்கினார்கள். கடைசியாக மேனேஜர் செருப்பை மாட்டினார்.

“கல்யாணத்துக்கு முன்னாடி நான் மொராக்கோல மூணு வருஷம் இருந்தேன் தம்பி. பிரிண்டிங் மெஷின் மாட்டுற வேலை.”

புரூஃப் ரீடர் அடுப்படிப் பக்கம் ஒரு தடவை திரும்பிப் பார்த்தான்.

“அங்க விருந்தாளி எழுந்திரிக்க முடியாத அளவுக்குக் கோழியாக் குவிப்பாங்க.”

“அப்புறம் ஏன் சார் எல்லாத்துக்கும் தலையாட்டினீங்க?”

மேனேஜர் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

“நாலு பேரைக் கூப்பிட்ட வீட்டுக்கு ஒன்பது பேரைக் கூட்டிட்டு வந்தவன் நான்தானே.”